பழைய போனுக்கு லினியேஜ் ஓஎஸ்: மலையகத்தில் முதலில் பார்க்க வேண்டியது கவரேஜ்

பாடசாலைகள் மூடிக் கிடந்த 2020, 2021இல் பிள்ளைகளின் ஒன்லைன் வகுப்புக்காக வாங்கிய போன்கள் பல லயங்களில் இன்னும் ஓடிக்கொண்டிருக்கின்றன. 2022இல் ரூபாய் விழுந்த பிறகு புதுப் போன் வாங்குவது பல குடும்பங்களுக்கு எட்டாத காரியமாகிவிட்டது. பழையதோ ஊர்கிறது. கம்பனி அப்டேட் நின்று பல வருடமாகிவிட்டது, சில செயலிகள் 'இந்த ஆண்ட்ராய்டில் இயங்காது' என்கின்றன. அப்போதுதான் கஸ்டம் ரொம், அதாவது கம்பனி மென்பொருளை எடுத்துவிட்டு வெளியார் செய்த ஆண்ட்ராய்டை ஏற்றும் யோசனை வருகிறது. லினியேஜ் ஓஎஸ் அப்படிப்பட்ட ஒரு ரொம். டவுனில் கடைக்குப் போய், "அண்ணே, இதுக்குப் புது சொப்ட்வெயார் அடிச்சுத் தருவீங்களா?" என்று கேட்பவர்களும் உண்டு, வீட்டில் லெப்டொப்பை வைத்துத் தாங்களே இறங்குபவர்களும் உண்டு. இருவருக்குமாகத்தான் இது.

ரொம் ஏற்றும் வேலை அரை மணித்தியாலம்தான். அதற்கு முன் பார்க்க வேண்டியவையே நேரம் எடுக்கும், எங்கள் பக்கத்தில் அவற்றில் முதலாவது கவரேஜ். ஆண்ட்ராய்டு எத்தனையாவது பதிப்பு என்பதைவிட, ஏற்றிய பிறகு உங்கள் வீட்டு வாசலில் நின்று 1990க்கு அழைத்தால் அம்பியூலன்ஸ் அழைப்பு போகுமா என்பதுதான் பெரிய கேள்வி.

காரணம் இதுதான். 4ஜி என்பது அடிப்படையில் டேட்டாவுக்கான வலையமைப்பு. அதிலேயே குரலும் போக வேண்டுமென்றால் போனில் வோல்டி (VoLTE, 4ஜி வழியாகவே குரல் அழைப்பு) வேலை செய்ய வேண்டும். வோல்டி இல்லாத போன், அழைப்பு வந்ததும் 4ஜியை விட்டு 3ஜிக்கோ 2ஜிக்கோ இறங்கித்தான் பேசும். ஹட்டன் டவுனிலோ பண்டாரவளையிலோ நிற்கும்போது இந்த இறக்கம் கண்ணில் படாது. பள்ளத்தாக்கில் இருக்கும் தோட்டத்தில், ஒரு கோடு 4ஜி மட்டும் எட்டிப் பார்க்கும் இடத்தில், இறங்குவதற்கு 3ஜி இல்லையென்றால் அழைப்பு வராது. வாட்ஸ்அப் செய்தி வரும், போன் மட்டும் அடிக்காது. பலர் இதை ரொம்மின் குறை என்று நினைத்து ரொம் மாற்றி ரொம் ஏற்றிப் பார்ப்பார்கள்.

குவால்கொம் சிப் உள்ள ஷாவ்மி போன்களில் லினியேஜில் வோல்டி பெரும்பாலும் கிடைக்கும். சாம்சங்கில் நிலைமை வேறு. வோல்டிக்கான பகுதியை அந்தக் கம்பனி தன் சொந்த மென்பொருளாகவே செய்து வைத்திருக்கிறது, எக்ஸினோஸ் சிப் போட்ட பழைய கேலக்ஸி போன்களில் கஸ்டம் ரொம் ஏற்றினால் வோல்டி போய்விடும். பிறகு எதை மாற்றினாலும் வராது.

ஆகவே போனில் கை வைப்பதற்கு முன் ஒரு சோதனை. கம்பனி மென்பொருளோடு இருக்கும்போதே, மொபைல் நெட்வேர்க் அமைப்புக்குப் போய் விருப்ப வலையமைப்பை 3ஜி என்று மாற்றி விடுங்கள். ஒரு முழு நாள் அப்படியே பாவியுங்கள். வீட்டுக்குள், குசினியில், மலைக்கு வேலைக்குப் போகும் வழியில், இரவில் படுக்கும் இடத்தில் எல்லாம் வேறு போனிலிருந்து அழைத்துப் பாருங்கள். அடுத்த நாள் 2ஜியிலும் இதையே செய்யுங்கள். இரண்டிலும் அழைப்பு ஒழுங்காக வந்தால், வோல்டி போனாலும் பரவாயில்லை. இரண்டிலும் வரவில்லை, 4ஜியில் மட்டும் வருகிறது என்றால், அந்த இடத்துக்கு வோல்டி இல்லாத ரொம் வேண்டவே வேண்டாம். அந்தப் போன் சாம்சங் என்றால் கம்பனி மென்பொருளோடே விட்டு, ஃபெக்டரி ரீசெட் செய்து, வேண்டாத செயலிகளை முடக்கிப் பாவிப்பதே நல்லது. சிம் நிறுவனத்துக்கு நிறுவனம் இந்தச் சோதனையின் முடிவு மாறும் என்பதால், பாவிக்கப்போகும் சிம்மைப் போட்டே செய்யுங்கள்.

போன் தகுதியானதா?

வன்பொருள் கெட்ட போனை ரொம் காப்பாற்றாது. முதலில் பெட்டரி. போனை மேசையில் மல்லாத்தி வைத்துச் சுற்றிப் பாருங்கள், பின்மூடியோ திரையோ ஒரு விளிம்பில் தூக்கியிருந்தால் பெட்டரி ஊதியிருக்கிறது. அதை மாற்றாமல் வேறு எதையும் செய்யக்கூடாது. ஊதாவிட்டாலும், 30 வீதம் காட்டும்போதே திடீரென அணைந்துவிடும் போன் என்றால் கவனம். நுவரெலியாவில் விடியற்காலைக் குளிரில் பழைய பெட்டரியின் உள் மின்தடை கூடும், பாரம் ஏறியதும் மின்னழுத்தம் சட்டென்று விழும். ரொம் ஏற்றிய பின் முதல் தடவை போன் எழும்பும்போது புரொசசர் முழு வேகத்தில் ஓடுகிறது, அணைவது அந்த நேரத்தில்தான். பகல் நேரத்தில், 70 வீதத்துக்கு மேல் சார்ஜ் ஏற்றிக்கொண்டு தொடங்குங்கள். ஃபாஸ்ட்பூட் நிலையில் (ஆண்ட்ராய்டு எழும்பும் முன் லெப்டொப்பின் கட்டளையை ஏற்கும் நிலை) பல போன்கள் ஒழுங்காகச் சார்ஜ் ஏறுவதில்லை என்பதையும் கணக்கில் வையுங்கள்.

அடுத்தது சார்ஜ் போர்ட். தென்மேற்குப் பருவமழையில் மாதக் கணக்கில் நனையும் ஹட்டன், நோர்வூட், மஸ்கெலியா, வட்டவளைப் பக்கத்துப் போன்களில் இதை அடிக்கடி பார்க்கலாம். டோர்ச் அடித்துப் போர்ட்டுக்குள் பாருங்கள். தங்க நிறத்தில் இருக்க வேண்டிய பின்களில் ஒன்றிரண்டு கறுத்தோ பச்சை பிடித்தோ இருக்கும், அடியில் துணிப்பஞ்சும் தூசும் சேர்ந்து அமுங்கிக் கிடக்கும். சார்ஜ் ஏறுவதை வைத்துப் போர்ட் நல்லது என்று முடிவெடுக்க முடியாது. சார்ஜுக்கு வேறு பின்கள், டேட்டாவுக்கு வேறு பின்கள். போனை அணைத்துவிட்டு, மரப் பல்குச்சியால் தூசை மெதுவாக எடுத்து, ஐசோபுரோப்பைல் அல்கஹோல் தொட்ட மென்மையான தூரிகையால் துடைத்து, நன்றாகக் காய விடுங்கள். ஊசி போட்டுக் கிண்டக்கூடாது. பிறகு லெப்டொப்பில் மாட்டி 1 ஜிபி அளவுள்ள ஒரு வீடியோவைப் போனுக்குள் பிரதி செய்யுங்கள். கேபிளை இலேசாக அசைத்தும் அறுபடாமல் முடிந்தால் போர்ட்டையும் கேபிளையும் நம்பலாம்.

மூன்றாவது ரெம். 3 ஜிபி இருந்தால் கூகுள் சேவைகளோடு ஓடும். 2 ஜிபி போனில் ஆகப் புதிய ஆண்ட்ராய்டை ஏற்றினால் இருந்ததைவிட மெதுவாகும். புதிய பதிப்பு என்றால் வேகம் என்று யாராவது சொன்னால் நம்ப வேண்டாம், பாதுகாப்புத் திருத்தங்கள்தான் அதன் உண்மையான பயன்.

பெட்டியில் உள்ள பெயர் போதாது

ரொம்மைத் தேட வேண்டியது போனின் குறியீட்டுப் பெயரை வைத்து. ரெட்மி நோட் 4 என்ற ஒரே பெயரில் ஸ்னப்ட்ராகன் 625 போட்ட 'மிடோ'வும் வந்தது, மீடியாடெக் ஹீலியோ எக்ஸ்20 போட்ட 'நிகெல்'லும் வந்தது. ஒன்றின் ரொம் மற்றதில் ஓடாது. ரெட்மி நோட் 7உம் 7எஸ்உம் 'லெவெண்டர்', நோட் 7 ப்ரோ 'வயலட்'. சாம்சங்கில் எஸ்எம்-ஜே700, எஸ்எம்-ஜே710 இரண்டையும் கடையில் ஜே7 என்றுதான் சொல்வார்கள், உள்ளே சிப் வேறு. ஷாவ்மி போனை ஃபாஸ்ட்பூட்டில் வைத்து 'ஃபாஸ்ட்பூட் கெட்வார் ப்ரொடக்ட்' என்று கட்டளை கொடுத்தால் குறியீட்டுப் பெயரை அதுவே சொல்லும், இதற்குப் பூட்லோடர் லொக் (போனை எழுப்பும் முதல் மென்பொருளின் மேல் கம்பனி போட்ட பூட்டு) திறந்திருக்கத் தேவையில்லை.

பூட்லோடர் லொக் திறக்க முடியாத போன் என்றால் இங்கேயே நிறுத்திவிட வேண்டியதுதான். ஹுவாவி 2018இலேயே திறப்புக் குறியீடு கொடுப்பதை நிறுத்திவிட்டது. பழைய ஷாவ்மி போன்களில் முறை இது: போனில் சிம் போட்டு, வைஃபையை அணைத்து, மொபைல் டேட்டாவில் நின்று, டெவலப்பர் அமைப்புக்குள் மி அன்லொக் நிலை என்ற இடத்தில் ஷாவ்மி கணக்கைச் சேர்க்க வேண்டும். பிறகு விண்டோஸ் லெப்டொப்பில் மி அன்லொக் கருவியை அதே கணக்கில் திறந்து போனை மாட்டினால், பெரும்பாலும் 168 மணித்தியாலம் காத்திருக்கச் சொல்லும். அந்த ஏழு நாளும் கணக்கைப் போனிலிருந்து எடுக்காதீர்கள். 'சேர்' என்ற பொத்தானை மறுபடி அழுத்தாதீர்கள், அழுத்தினால் கடிகாரம் மீண்டும் முதலிலிருந்து ஓடும். கணக்குச் சேர்க்கும்போது பிழை வந்தால் அனேகமாக டேட்டா இணைப்பு நலிந்ததுதான் காரணம். கவரேஜ் நன்றாக உள்ள இடத்துக்குப் போய்ச் செய்யுங்கள்.

லொக் திறந்த கணத்தில் போனிலுள்ள எல்லாம் அழியும். படங்கள், வீடியோக்கள், தொடர்புகள் எல்லாவற்றையும் அதற்கு முன்பே லெப்டொப்புக்கு எடுங்கள். வாட்ஸ்அப்பில் அரட்டை பெக்கப் எடுத்து, அதன் கோப்புறையையும் தனியாகப் பிரதி செய்யுங்கள். ஆண்ட்ராய்டு 11 முதல் அது 'ஆண்ட்ராய்டு' கோப்புறைக்குள் 'மீடியா' என்பதற்குள் இருக்கும், வெளியே தேடி இல்லை என்று விட்டுவிடக்கூடாது. வயதானவர்களின் போன் என்றால் கூகுள் கணக்கின் கடவுச்சொல் தெரியுமா என்று இப்போதே கேளுங்கள். போனை வாங்கிக் கொடுத்த கடைக்காரரே கணக்கைத் திறந்து கொடுத்திருப்பார், கடவுச்சொல் யாருக்கும் தெரியாது. தொடர்புகள் முழுக்க அந்தக் கணக்கில் இருந்தால் திரும்ப எடுக்க வழியில்லை. தெரியாவிட்டால் தொடர்புகளைக் கோப்பாக ஏற்றுமதி செய்து லெப்டொப்பில் வையுங்கள், பிறகு கணக்கைப் போனிலிருந்து நீக்குங்கள்.

வங்கிச் செயலி பற்றியும் இங்கேயே சொல்ல வேண்டும். லொக் திறந்த போனைக் கூகுளின் சரிபார்ப்பு நம்புவதில்லை, அதைச் சார்ந்த வங்கிச் செயலிகள் திறக்க மறுக்கலாம். வெளிநாட்டிலிருந்து பிள்ளைகள் அனுப்பும் காசைப் பார்க்கவே போன் வைத்திருப்பவர் என்றால், அவருடைய ஒரே போனில் இந்த வேலையைச் செய்யாதீர்கள்.

ஐ.எம்.இ.ஐ.யைக் காப்பாற்றுதல்

ரொம் கெட்டால் வேறு ரொம் ஏற்றலாம். ஐ.எம்.இ.ஐ.யும் (போனின் 15 இலக்க அடையாள எண்) ரேடியோ அளவீடுகளும் உள்ள சிறிய பகுதிகள் அழிந்தால், அவை அந்த ஒரு போனுக்கே உரியவை, உலகத்தில் வேறெங்கும் பிரதி கிடையாது. அழிந்த போன் சிம்மைக் கண்டாலும் வலையமைப்பில் ஏறாது. தொடங்கும் முன் *#06# அழுத்தி வரும் எண்களைத் தாளில் எழுதுங்கள், படமும் எடுங்கள். 'ஐ.எம்.இ.ஐ.' என்று ஆங்கிலத்தில் அடித்து, ஒரு இடைவெளி விட்டு, அந்த 15 இலக்கத்தையும் 1909க்கு எஸ்.எம்.எஸ். அனுப்பினால் அது தொலைத்தொடர்புகள் ஒழுங்குபடுத்தும் ஆணைக்குழுவில் பதிவான எண்ணா என்றும் தெரியும். பழைய போனைக் கைமாற்றாக வாங்குபவர்கள் காசு கொடுக்கும் முன்பே இதைச் செய்ய வேண்டும்.

லெவெண்டர் போன்ற போனில், லொக் திறந்த பிறகு டி.டபிள்யூ.ஆர்.பி. ரிக்கவரியை (ஆண்ட்ராய்டுக்கு வெளியே தனியாக எழும்பி, பெக்கப் எடுக்கவும் ரொம் ஏற்றவும் உதவும் சிறு மென்பொருள்) ஃபாஸ்ட்பூட்டிலிருந்து தற்காலிகமாக எழுப்பி, பெக்கப் பட்டியலில் ஐ.எம்.இ.ஐ. பகுதியான ஈ.எஃப்.எஸ்.ஐத் தெரிவு செய்து மெமரி சிப்புக்கு எடுங்கள். பட்டியலில் பெர்சிஸ்ட் இருந்தால் அதையும் சேருங்கள், கைரேகை, சென்சார் அளவீடுகள் அதில்தான் இருக்கின்றன. அந்தக் கோப்புகளை லெப்டொப்பில் ஒன்று, வேறொரு பென்ட்ரைவில் ஒன்று என்று வையுங்கள். ரெட்மி நோட் 7இல் இரண்டாவது சிம்மும் மெமரி சிப்பும் ஒரே இடத்தில் என்பதால் அந்த நேரத்துக்கு இரண்டாவது சிம்மைக் கழற்ற வேண்டியிருக்கும். ஒரே மொடல் என்றாலும் அடுத்தவர் போனின் ஈ.எஃப்.எஸ்.ஐ உங்கள் போனில் ஏற்றக்கூடாது.

மீடியாடெக் போன்களில் ஆபத்து இன்னும் கிட்டே. அவற்றுக்கு ரொம் ஏற்றும் கருவியான எஸ்.பி. ஃபிளாஷ் டூலில் 'ஃபோர்மட் ஓல் அன்ட் டவுன்லோட்' என்பதைத் தெரிவு செய்தால் ஐ.எம்.இ.ஐ. இருக்கும் பகுதியும் சேர்ந்தே போய்விடும். 'டவுன்லோட் ஒன்லி' மட்டும்தான். கடையில் கொடுத்துச் செய்விப்பவர்கள் இந்த ஒரு விடயத்தையாவது வாய்விட்டுச் சொல்லுங்கள்: "தம்பி, ஃபோர்மட் ஓல் போடாதீங்க, மொதல்ல பெக்கப் எடுத்து எனக்கும் ஒரு கொப்பி தாங்க."

ஏற்றும் வேலை

கம்பனி மென்பொருளைக் கடைசிப் பதிப்பு வரை அப்டேட் செய்துவிட்டுத்தான் ரொம்முக்கு வர வேண்டும். மோடம் உள்ளிட்ட வன்பொருளை இயக்கும் ஃபேர்ம்வெயார் பழையதாக இருந்தால் ரொம் ஏறிய பின் சிக்னல் வராமல் போகலாம், அல்லது ரொம்மே ஏற மறுத்து 'எரர் 7' காட்டும். எரர் 7 என்றால் பொதுவாக இரண்டு காரணம்: மொடல் பொருந்தவில்லை, அல்லது ஃபேர்ம்வெயார் பொருந்தவில்லை. கோப்புக்குள் இருக்கும் சரிபார்ப்பு வரியை அழித்துவிட்டு ஏற்றச் சொல்லும் ஆலோசனைகளைக் கேட்காதீர்கள். அந்த வரி உங்கள் போனின் பாதுகாப்புக்காக வைக்கப்பட்டது.

ரொம் கோப்பு 1 ஜிபி அளவில் இருக்கும், கூகுள் சேவைகளுக்கான மைண்ட் த கேப்ஸ் தனி. இரவு நேர டேட்டா உள்ள பேக்கேஜில், நின்ற இடத்திலிருந்து தொடரக்கூடிய டவுன்லோடர் வைத்து இறக்குங்கள். முடிந்ததும் விண்டோஸின் 'செர்ட்யூட்டில்' கட்டளையால் கோப்பின் கைரேகை போன்ற எஸ்.எச்.ஏ.256 எண்ணைக் கணக்கிட்டு, தளத்தில் உள்ளதோடு ஒப்பிடுங்கள். மழை இரவில் அறுந்து அறுந்து இறங்கிய கோப்பில் ஓரிரு பைட் கெட்டிருந்தாலும் இதில் பிடிபடும். மைண்ட் த கேப்ஸை ஆண்ட்ராய்டு பதிப்புக்கும், 32 பிட்டா 64 பிட்டா என்பதற்கும் பொருத்தமாக எடுக்க வேண்டும்.

மேசைக் கொம்பியூட்டரைவிட பெட்டரி உள்ள லெப்டொப் நல்லது. மழைக்காலத்தில் மரம் விழுந்து கரண்ட் போவது எங்கள் பக்கத்தில் புதிதல்ல. சிஸ்டம் பகுதி எழுதும்போது கரண்ட் போனால் போன் சாகாது, ரிக்கவரி இருக்கிறது, மறுபடி ஏற்றலாம். பூட்லோடரோ மீடியாடெக்கின் ப்ரீலோடரோ எழுதும்போது போனால்தான் ஆபத்து.

லெப்டொப்பில் கட்டளை கொடுத்ததும் 'வெயிட்டிங் ஃபோர் டிவைஸ்' என்று நின்றுவிட்டால் அவசரப்படாமல் ஒவ்வொன்றாகப் பாருங்கள். டிவைஸ் மனேஜரில் மஞ்சள் முக்கோணம் இருந்தால் டிரைவர் இல்லை. டிரைவர் சரியாக இருந்தும் அறுபட்டால் கேபிள். கேபிளும் சரி என்றால் யு.எஸ்.பி. போர்ட்: ரைசன் லெப்டொப்களின் யு.எஸ்.பி. 3 போர்ட்டில் ஃபாஸ்ட்பூட் அடிக்கடி தடுமாறும், நடுவில் ஒரு சாதாரண யு.எஸ்.பி. 2 ஹப் போட்டால் சரியாகிவிடும்.

இப்போது வேலை. வொலியூம் கீழ் பொத்தானையும் பவரையும் சேர்த்துப் பிடித்து ஃபாஸ்ட்பூட்டுக்குப் போய், 'ஃபாஸ்ட்பூட் ஃபிளாஷ் ரிக்கவரி' கட்டளையோடு லினியேஜ் ரிக்கவரிக் கோப்பின் பெயரைக் கொடுங்கள். முடிந்ததும் போனை எம்.ஐ.யு.ஐ.க்குள் (ஷாவ்மியின் கம்பனி மென்பொருள்) எழும்ப விடாதீர்கள். எழும்பினால் அது தன் பழைய ரிக்கவரியைத் திரும்ப எழுதிவிடலாம். கேபிளைக் கழற்றி, நேராக வொலியூம் மேல் பொத்தானும் பவரும் பிடித்து ரிக்கவரிக்குப் போங்கள். அங்கே 'ஃபெக்டரி ரீசெட்'டுக்குள் 'ஃபோர்மட் டேட்டா'. இதைத் தவிர்த்தால், பழைய மென்பொருள் பூட்டிய டேட்டாவைப் புது ரொம்மால் திறக்க முடியாமல், யாரும் வைக்காத ஒரு கடவுச்சொல்லைக் கேட்டு நிற்கும், அல்லது லோகோவிலேயே சுற்றிக்கொண்டிருக்கும்.

பிறகு 'அப்ளை அப்டேட்', 'ஏ.டி.பி. சைட்லோட்' என்று தெரிவு செய்து, கேபிளை மீண்டும் மாட்டி, லெப்டொப்பிலிருந்து 'ஏ.டி.பி. சைட்லோட்' கட்டளையால் ரொம் கோப்பை அனுப்புங்கள். லெப்டொப்பில் வீதம் மெல்ல ஏறி 47இல் நின்றுவிடும். கேபிளை இழுத்துவிடத் தோன்றும் இடம் இதுதான். தொடாதீர்கள். கோப்பு போனுக்குப் போய்விட்டது, போன் அதை எழுதிக்கொண்டிருக்கிறது. திரையில் வெற்றி என்று வந்த பிறகும் ரீபூட் செய்யக்கூடாது: அதே ரிக்கவரியில் இருந்தபடியே மைண்ட் த கேப்ஸை அடுத்ததாகச் சைட்லோட் செய்யுங்கள். கையொப்பம் சரியில்லை, தொடரவா என்று கேட்டால் ஆம். ரொம் ஒரு தடவை எழும்பிய பிறகு கூகுள் சேவைகளைச் சேர்த்தால் செயலிகள் அடுக்கடுக்காக நின்றுபோகும், மறுபடி ஃபோர்மட் டேட்டாவிலிருந்து வர வேண்டும். முதல் எழும்பலுக்கு 10, 15 நிமிடம் கூட ஆகலாம். அதைத் தாண்டியும் லோகோதான் என்றால் ரிக்கவரிக்குத் திரும்பி மீண்டும் ஃபோர்மட் செய்து ஏற்றுங்கள்.

சாம்சங்கில் ஒடின் (சாம்சங் போனுக்கு மென்பொருள் ஏற்றும் விண்டோஸ் கருவி) வழியாகப் போகிறவர்களுக்குச் சில விடயங்கள். டெவலப்பர் அமைப்பில், லொக் திறக்க அனுமதிக்கும் 'ஓ.ஈ.எம். அன்லொக்' தெரியாவிட்டால் சில மொடல்களில் ஏழு நாள் போனை ஓட விட்டால்தான் தெரியும். ஒடினில் 'ஓட்டோ ரீபூட்' டிக்கை எடுத்துவிட்டு ரிக்கவரியை ஏ.பி. இடத்தில் போட்டு ஏற்றுங்கள், பிறகு நேராக ரிக்கவரிக்குப் போங்கள். கஸ்டம் ரிக்கவரி ஏறிய பின் ஓ.ஈ.எம். அன்லொக்கை ஒருபோதும் அணைக்காதீர்கள், அடுத்த தடவை போன் எழும்பாமல் எஃப்.ஆர்.பி. லொக் என்று சிவப்பில் காட்டி நிற்கும். வேறு மென்பொருள் ஏறியதைக் குறித்து வைக்கும் நொக்ஸ் எண்ணும் 0x1 ஆக மாறும், அது திரும்ப மாறாது. செக்யூர் ஃபோல்டர் போன்றவை பிறகு கம்பனி மென்பொருளுக்குத் திரும்பினாலும் வேலை செய்யாது.

ஏற்றிய பிறகு

முதலில் *#06# அழுத்தி, தாளில் எழுதிய எண்ணோடு ஒப்பிடுங்கள். அடுத்து *#*#4636#*#*, போன் தகவலுக்குள் ஐ.எம்.எஸ். நிலையைப் பாருங்கள். பதிவாகியிருந்தால் வோல்டி உயிரோடு இருக்கிறது. பேசிக்கொண்டிருக்கும்போது மேலே 4ஜி அடையாளம் அப்படியே நின்றாலும் அதே அர்த்தம்தான். இந்தச் சோதனையை வேலை செய்த டவுனில் முடித்துவிடாமல், போன் பாவிக்கப்படும் வீட்டில் செய்யுங்கள்.

லினியேஜின் கீபோர்டில் தமிழும் சிங்களமும் உண்டு, அமைப்பில் சேர்க்க வேண்டும். ஆங்கில எழுத்தில் அடித்துத் தமிழாக்குபவர்களுக்கு அது போதாது, ஜீபோர்டை நிறுவிக்கொள்ளலாம்.

பூட்லோடரைத் திரும்பப் பூட்டுவது பற்றி: கஸ்டம் ரொம் இருக்கும்போது பூட்டவே கூடாது, பெரும்பாலான போன்கள் எழும்பாமல் போகும். கம்பனி மென்பொருளுக்குத் திரும்பும்போதும் மி ஃபிளாஷ் கருவியின் அடியில் 'க்ளீன் ஓல் அன்ட் லொக்' என்பது தானாகவே தெரிவாகி இருக்கும், அதை 'க்ளீன் ஓல்' என்று மாற்றுங்கள். சீனாவுக்கென்று தயாரித்த போனில் குளோபல் மென்பொருள் ஏற்றி லொக்கும் விழுந்துவிட்டால், இந்தப் பதிப்பை இந்தச் சாதனத்தில் நிறுவ முடியாது என்று சொல்லி நின்றுவிடும். இருந்ததைவிடப் பழைய பதிப்பை ஏற்றுவதும் ஆபத்து. சில ஷாவ்மி போன்களில் அன்டி ரோல்பெக் என்ற காவல் உண்டு, ரெட்மி நோட் 5 ப்ரோ அப்படித்தான் பல பேருக்குச் செத்துப்போனது. 'ஃபாஸ்ட்பூட் கெட்வார் அன்டி' கொடுத்து எண்ணைப் பார்த்துவிட்டு, அதற்குக் குறைந்த எண் உள்ள கோப்பைத் தொடாதீர்கள்.

அப்டேட்கள் லினியேஜில் அடிக்கடி வரும், ஒவ்வொன்றும் முழு ரொம் அளவு. டேட்டா ரீலோட் போட்டுப் பாவிப்பவர்கள் வருவதையெல்லாம் இறக்க வேண்டியதில்லை, மாதத்துக்கு ஒன்று போதும். ஒரே பதிப்புக்குள் அப்டேட் என்றால் கூகுள் சேவைகள் தாமாகவே தங்கும். 20இலிருந்து 21 என்பது போலப் பெரிய பதிப்பு மாறும்போது மட்டும், ரொம்மோடு சேர்த்து அதற்குரிய மைண்ட் த கேப்ஸையும் முதல் எழும்பலுக்கு முன்பே ஏற்ற வேண்டும்.